குளிர்சாதனப் பெட்டியின் வெளிப்புறச் சூடு: ஒரு வரலாறு

உணவைக் குளிர்ச்சியாக வைத்திருக்கும் குளிர்சாதனப் பெட்டியின் பக்கச் சுவரைத் தொட்டால் சூடாக இருக்கும். பழைய பெட்டிகளில் பின்புறக் கம்பிவலையில் இந்தச் சூடு தெரியும். இன்றைய பெட்டிகளில் இரு பக்கச் சுவர்களிலும் கதவின் ஓரத்திலும் தெரியும். கடைகளில் ஐஸ்கிரீமும் மீனும் வைக்கும் நீள்பெட்டி உறைவிப்பான்களில் ஏறக்குறைய எல்லாப் பக்கங்களிலும் தெரியும். புதிதாக வாங்கியவர்கள் பலர் இதைப் பழுது என்று எண்ணி அஞ்சுவதுண்டு. ஆனால் இது பழுதன்று. பெட்டிக்குள் இருந்த வெப்பமே வெளிச்சுவரில் சூடாகத் தெரிகிறது.

எந்த எந்திரமும் குளிரை உண்டாக்குவதில்லை. ஓரிடத்தில் இருக்கும் வெப்பத்தை எடுத்து வேறோரிடத்தில் விடுவதையே எல்லாக் குளிர்பதன எந்திரங்களும் செய்கின்றன. எனவே குளிர்பதனத்தின் வரலாற்றில் இரண்டு கேள்விகள் தொடர்ந்து வருகின்றன. எடுத்த வெப்பத்தை எங்கே விடுவது என்பது ஒன்று. அதைச் சுமந்து செல்ல எந்தப் பொருளைப் பயன்படுத்துவது என்பது மற்றொன்று. முதல் கேள்விக்கான விடை 200 ஆண்டுகளில் பலமுறை மாறியது. இரண்டாவது கேள்விக்குத் தவறான விடை கண்டபோது மனித உயிர்களும், பின்னர் வளிமண்டலமும் பாதிக்கப்பட்டன.

பனிக்கட்டி வணிகம்

எந்திரங்கள் வருவதற்கு முன் குளிர்ச்சிக்கு ஆதாரமாக இருந்தது இயற்கைப் பனிக்கட்டியே. அமெரிக்காவின் பாஸ்டன் நகரைச் சேர்ந்த ஃபிரடெரிக் டூடர் என்ற வணிகர், மாசசூசெட்ஸ் ஏரிகள் குளிர்காலத்தில் உறைந்ததும் பனிக்கட்டியை அறுத்தெடுத்து, மரத்தூள் இட்டுக் கப்பலில் ஏற்றி வெப்ப நாடுகளுக்கு அனுப்பினார். 1806 ஆம் ஆண்டில் கரீபியன் கடலிலுள்ள மார்ட்டினிக் தீவுக்கு அவருடைய முதல் சரக்கு சென்றது. 1833 மே மாதம் பாஸ்டனிலிருந்து புறப்பட்ட 'டஸ்கனி' என்ற கப்பல் நான்கு மாதம் பயணம் செய்து கல்கத்தாவை அடைந்தது. ஏற்றிய சுமார் 180 டன் பனிக்கட்டியில் ஏறக்குறைய 100 டன் உருகாமல் வந்து சேர்ந்தது.

சென்னையில் இந்தப் பனிக்கட்டியைச் சேமிப்பதற்காக 1842 ஆம் ஆண்டில் கடற்கரையோரம் ஒரு கட்டடம் எழுந்தது. ஐஸ் ஹவுஸ் என்று அழைக்கப்பட்ட அக்கட்டடமே இன்றைய விவேகானந்தர் இல்லம். அதைச் சுற்றிய பகுதிக்கும் ஐஸ் ஹவுஸ் என்ற பெயர் நிலைத்துவிட்டது.

இந்த வணிகத்தில் வெப்பம் சென்ற வழியைக் கவனிக்க வேண்டும். ஒரு கிலோகிராம் நீர் 0 டிகிரி செல்சியசில் உறையும்போது சுமார் 80 கிலோகலோரி வெப்பத்தை வெளிவிடுகிறது. அதே அளவு வெப்பத்தை உள்வாங்கிக்கொண்டால்தான் அந்தப் பனிக்கட்டி மீண்டும் உருகும். மாசசூசெட்ஸ் ஏரி உறைந்தபோது வெளிவந்த வெப்பம் அங்கேயே குளிர்காலக் காற்றில் கலந்துவிட்டது. சென்னையில் ஒரு கிலோகிராம் பனிக்கட்டி உருகியபோது, 4 கிலோகிராம் நீரை 20 டிகிரி குளிர்விக்கப் போதுமான வெப்பத்தை அது எடுத்துக்கொண்டது. அந்த வெப்பம் உருகிய நீரோடு வடிந்து போயிற்று. எனவே பனிக்கட்டி வைத்த மரப்பெட்டியின் வெளிப்புறம் சூடானதே இல்லை. வெப்பத்தை வெளியேற்றும் வேலையைத் தொலைதூரத்துக் குளிர்காலம் முன்கூட்டியே செய்து முடித்திருந்தது.

ஆவியாதலும் உள்ளுறை வெப்பமும்

குளிர்காலத்தை நம்பியிராமல் குளிர்ச்சி பெறும் வழி, திரவங்கள் ஆவியாவதை ஆராய்ந்தபோது புலப்பட்டது. மண்பானையின் நுண்துளைகள் வழியாகக் கசியும் நீர் ஆவியாகும்போது பானைத் தண்ணீர் குளிர்வது பலரும் அறிந்ததே. ஸ்காட்லாந்து மருத்துவரும் வேதியியலாளருமான வில்லியம் கல்லன் இதை ஆய்வுக்கூடத்தில் ஆராய்ந்தார். காற்றை வெளியேற்றிய கலத்துக்குள் ஈதர் போன்ற எளிதில் ஆவியாகும் திரவங்களை வைத்தபோது, அவை வேகமாக ஆவியாகிச் சுற்றியிருந்த நீரை உறையச் செய்தன. இதைப் பற்றிய அவருடைய கட்டுரை 1756 ஆம் ஆண்டில் வெளியாயிற்று.

கல்லனின் மாணவரான ஜோசப் பிளாக் 1760களில் இதற்கு விளக்கம் அளித்தார். திரவம் ஆவியாகும்போது வெப்பநிலை உயராமலே பெருமளவு வெப்பத்தை உள்வாங்குகிறது. இதுவே உள்ளுறை வெப்பம் எனப்படும். ஆவி மீண்டும் திரவமாகும்போது உள்வாங்கிய வெப்பம் முழுவதும் வெளியே வந்துவிடும். குளிர்சாதனப் பெட்டியின் உட்புறக் குளிர்ச்சி இந்த விதியின் முதல் பாதி, வெளிப்புறச் சூடு இரண்டாம் பாதி.

கல்லனின் சோதனையில் ஆவியான ஈதர் வெளியேறி வீணானது. குளிர்ச்சி தொடர வேண்டுமானால் புதிய ஈதரை ஊற்றிக்கொண்டே இருக்க வேண்டும். ஆவியைப் பிடித்து மீண்டும் திரவமாக்கினால் ஒரே திரவத்தைச் சுற்றிச் சுற்றிப் பயன்படுத்தலாம். அப்படிச் செய்யும் எந்திரத்துக்கு, வெளிவரும் வெப்பத்தை விடுவதற்கு ஓரிடம் தேவைப்படும்.

ஏற்றம் இறைப்பது போல

பிரெஞ்சுப் பொறியாளர் சாடி கார்னோ, நீராவி எந்திரங்களை ஆராய்ந்து 1824 ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டார். உயரத்திலிருந்து விழும் நீர் சக்கரத்தைச் சுழற்றுவது போல, சூடான இடத்திலிருந்து குளிர்ந்த இடத்துக்குச் செல்லும் வெப்பம் எந்திரத்தை இயக்குகிறது என்பது அவருடைய ஒப்புமை. 1850களில் ஜெர்மானிய இயற்பியலாளர் ருடால்ஃப் கிளாசியஸ் இந்தச் சிந்தனையைத் திருத்தி வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதியாக வகுத்தார். குளிர்ந்த பொருளிலிருந்து சூடான பொருளுக்கு வெப்பம் தானாகச் செல்லாது என்பது அந்த விதியின் ஒரு வடிவம்.

நீர் தானாக மேட்டுக்கு ஏறாது. ஆனால் ஏற்றம் பூட்டி இறைத்தால் கிணற்று நீரும் மேலே வரும். குளிர்சாதனப் பெட்டி வெப்பத்துக்கு அமைத்த ஏற்றமாகும். 4 டிகிரியில் உள்ள பாலிலிருந்து வெப்பத்தை எடுத்து 32 டிகிரியில் உள்ள அறையில் விட வேண்டுமானால், அந்த வெப்பத்தை முதலில் 32 டிகிரிக்கும் மேலான ஒரு நிலைக்கு உயர்த்த வேண்டும். அப்போதுதான் அது அறைக்காற்றுக்குத் தானாகப் பாயும். எனவே வெப்பத்தை வெளிவிடும் பரப்பு அறையைவிடச் சூடாக இருந்தே தீர வேண்டும். அது அறையின் அளவுக்குக் குளிர்ந்திருந்தால் வெப்பம் வெளியேறாது, உள்ளே குளிர்ச்சியும் இராது.

இறைப்பதற்குச் செலவிடும் ஆற்றலும் வெப்பமாக வெளியே வருகிறது. எடுத்துக்காட்டாக, 100 வாட் மின்சாரத்தைக் கொண்டு உள்ளிருந்து 150 வாட் வெப்பத்தை எடுக்கும் பெட்டி, அறைக்குள் 250 வாட் வெப்பத்தை வெளிவிடும். எடுத்ததைவிட வெளிவிடுவது எப்போதும் கூடுதலே. கதவைத் திறந்துவைத்தால் சமையலறை குளிரும் என்ற எண்ணம் தவறாவதற்கு இதுவே காரணம். திறந்த பெட்டி அறையிலிருந்து எடுத்த வெப்பத்தை, மின்சாரம் தந்த வெப்பத்தையும் சேர்த்து, அதே அறைக்குள் திருப்பி விடுகிறது. முடிவில் அறை சூடேறும்.

முதல் எந்திரங்கள்

மூடிய சுழற்சியில் இயங்கும் எந்திரத்தைப் பற்றி அமெரிக்கரான ஆலிவர் எவன்ஸ் 1805 ஆம் ஆண்டிலேயே எழுதியிருந்தார். இலண்டனில் வாழ்ந்த மற்றோர் அமெரிக்கரான ஜேக்கப் பெர்கின்ஸ், 1834 ஆம் ஆண்டில் தம் 68 ஆம் வயதில், அத்தகைய எந்திரத்துக்குக் காப்புரிமை பெற்றார். ஈதரை ஆவியாக்கும் கலம், ஆவியை அமுக்கும் பம்பு, ஆவியைத் திரவமாக்கும் சுருள்குழாய், திரவத்தின் அழுத்தத்தைக் குறைத்து மீண்டும் கலத்துக்கு அனுப்பும் வால்வு ஆகிய நான்கும் அதில் இருந்தன. இன்றைய வீட்டுப் பெட்டியிலும் இதே நான்கு உறுப்புகளே உள்ளன.

அமெரிக்காவின் புளோரிடாவில் ஜான் கோரி என்ற மருத்துவர், காய்ச்சல் நோயாளிகளின் அறையைக் குளிர்விக்கும் நோக்கத்துடன் தொடங்கிப் பனிக்கட்டி எந்திரம் ஒன்றை உருவாக்கினார். 1851 ஆம் ஆண்டில் அதற்குக் காப்புரிமை கிடைத்தது. அவருடைய எந்திரம் காற்றை அமுக்கியது. மிதிவண்டிச் சக்கரத்துக்குக் காற்றடிக்கும்போது பம்பு சூடாவது போல, அமுக்கிய காற்று சூடேறும். அந்தச் சூட்டை நீரால் நீக்கியபின் காற்றை விரிய விட்டால் அது மிகவும் குளிரும். கோரியின் எந்திரம் வணிகத்தில் வெற்றி பெறவில்லை. அவர் 1855 ஆம் ஆண்டில் காலமானார். அடுத்த ஆண்டில் ஆஸ்திரேலியாவின் ஜீலாங் நகரப் பத்திரிகையாளர் ஜேம்ஸ் ஹாரிசன் ஈதர் எந்திரத்துக்குக் காப்புரிமை பெற்றார். 1870களில் ஜெர்மனியின் கார்ல் ஃபான் லிண்டே அம்மோனியாவைப் பயன்படுத்தித் திறன் மிக்க எந்திரங்களை அமைத்தார். பீர் வடிக்கும் ஆலைகள் அவற்றை விரும்பி வாங்கின.

இந்தப் பெரிய எந்திரங்களில் வெப்பத்தை எங்கே விடுவது என்பது சிக்கலாக இல்லை. ஆற்று நீரோ குழாய் நீரோ சுருள்குழாய்களின் மேல் ஓடி, வெப்பத்தை எடுத்துக்கொண்டு வடிகாலுக்குச் சென்றது. எந்திரம் ஆலைக்குள் இருந்தது, அதை இயக்கத் தொழிலாளர்கள் இருந்தார்கள். வீட்டுச் சமையலறையில் இவை எதுவும் இல்லை.

சமையலறைக்குள் வந்த சூடு

1910களில் வீடுகளுக்கான மின்குளிர்சாதனங்கள் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்தன. தொடக்க காலத்தில் பலவற்றில் பெட்டி சமையலறையிலும் எந்திரம் நிலவறையிலும் இருந்தன. இரண்டையும் குழாய்கள் இணைத்தன. சத்தமும் சூடும் எண்ணெய்க் கசிவும் கண்ணுக்கு மறைவாக இருந்தன. ஆனால் இந்த ஏற்பாட்டுக்குச் செலவு மிகுதி. இணைப்புகள் மிகுந்ததால் கசிவும் மிகுதி.

1927 ஆம் ஆண்டில் ஜெனரல் எலக்ட்ரிக் நிறுவனம் வெளியிட்ட 'மானிட்டர் டாப்' என்ற பெட்டி இந்த நிலையை மாற்றியது. மோட்டாரையும் அமுக்கியையும் உருக்கு உறைக்குள் வைத்து முழுவதும் மூடி, அந்த எந்திரத்தைப் பெட்டியின் தலைமேல் அமைத்திருந்தார்கள். வெப்பம் வெளிவிடும் குழாய் அதைச் சுற்றி வளையமாக ஓடியது. அமெரிக்க உள்நாட்டுப் போரில் ஈடுபட்ட 'மானிட்டர்' என்ற போர்க்கப்பலின் வட்ட வடிவப் பீரங்கி மேடையை அது நினைவூட்டியதால் இந்தப் பெயர் வந்தது. பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பெட்டிகள் விற்பனையாயின.

எந்திரத்தை மேலே வைத்ததற்குக் காரணம் உண்டு. சூடான காற்று மேலெழும் இயல்புடையது. தலைமேல் இருக்கும் குழாயிலிருந்து வெப்பம் பெற்ற காற்று மேலே சென்றுவிடும், அந்த இடத்துக்குக் குளிர்ந்த காற்று தானாக வரும். விசிறி தேவையில்லை, கீழே உள்ள உணவுப் பெட்டிக்கும் சூடு ஏறாது. ஆனால் பெட்டியின் தலையில் ஓர் எந்திரம் அமர்ந்திருப்பது பின்னாளில் அழகற்றதாகக் கருதப்பட்டது. 1930களில் வடிவமைப்பாளர்கள் அமுக்கியைக் கீழே தள்ளி, வெப்பம் விடும் குழாயைப் பின்புறத்துக்கு மாற்றினர். பல்லாண்டுகள் உலகெங்கும் வீடுகளில் காணப்பட்ட கறுப்புக் கம்பிவலை இந்த மாற்றத்தின் விளைவாகும். சுவருக்கும் பெட்டிக்கும் இடையே காற்று மேலெழ இடைவெளி விட வேண்டும் என்ற அறிவுரையும் அப்போதே வழக்கத்துக்கு வந்தது.

வெப்பத்தைச் சுமந்த நச்சு

எந்திரம் வீட்டுக்குள் வந்தபோது, குழாய்களுக்குள் ஓடிய குளிர்பதனப் பொருளும் வீட்டுக்குள் வந்தது. அம்மோனியா, சல்பர் டைஆக்சைடு, மெத்தில் குளோரைடு ஆகியவையே அக்காலத்தில் பயன்பட்டவை. மூன்றும் நச்சு. முதல் இரண்டும் கசிந்தால் கடும் நெடி காட்டிக்கொடுக்கும். மெத்தில் குளோரைடின் மணம் மெல்லியது. உறங்குபவர்கள் அதை உணராமலே மடியக்கூடும். 1920களின் இறுதியில் சிகாகோ நகரில் வீட்டுக் குளிர்சாதனங்களிலிருந்து கசிந்த மெத்தில் குளோரைடால் பலர் இறந்ததை மருத்துவர்கள் பதிவு செய்தனர்.

பெர்லினில் ஒரு குடும்பம் இத்தகைய கசிவால் இரவோடு இரவாக மாண்ட செய்தியை ஆல்பர்ட் ஐன்ஸ்டைன் நாளிதழில் படித்து வருந்தியதாகக் கூறப்படுகிறது. அவரும் இளம் இயற்பியலாளரான லியோ சிலார்டும் சேர்ந்து, அசையும் உறுப்புகளே இல்லாத குளிர்சாதனங்களை வடிவமைத்தார்கள். அசையும் உறுப்பு இல்லையென்றால் தேய்மானமில்லை, கசியும் இணைப்பும் இல்லை. 1930 ஆம் ஆண்டில் அவர்களுக்கு அமெரிக்கக் காப்புரிமையும் கிடைத்தது. எனினும் அவர்களுடைய பெட்டி எதுவும் கடைக்கு வரவில்லை.

வேறொரு தீர்வு அவர்களை முந்திக்கொண்டது. ஜெனரல் மோட்டார்ஸ் நிறுவனத்தின் ஆய்வாளர் தாமஸ் மிட்ஜ்லி தம் குழுவினருடன் 1928 ஆம் ஆண்டில், குளோரினும் ஃபுளோரினும் கார்பனும் சேர்ந்த ஒரு சேர்மத்தைக் குளிர்பதனத்துக்கு ஏற்றதாகக் கண்டறிந்தார். 1930 ஆம் ஆண்டில் அமெரிக்க வேதியியல் சங்கக் கூட்டத்தில் அந்த வாயுவைத் தாமே மூச்சில் இழுத்து, எரியும் மெழுகுவத்தியின் மேல் ஊதி அணைத்துக் காட்டினார். அது நச்சும் அன்று, தீப்பற்றக்கூடியதும் அன்று என்பது ஒரே மூச்சில் விளங்கியது. ஃபிரியான் என்ற வணிகப் பெயர் பெற்ற இந்த வகைச் சேர்மங்கள் குளோரோஃபுளோரோகார்பன்கள் எனப்படும். வீட்டுக் குளிர்சாதனப் பெட்டி அச்சமின்றிப் பரவுவதற்கு இவை வழிவகுத்தன.

சுவருக்குள் மறைந்த குழாய்

பனிக்கட்டிப் பெட்டியின் சுவர்களுக்குள் தக்கையும் மரத்தூளும் வெப்பக் காப்பாக இருந்தன. மின்குளிர்சாதனங்களில் கண்ணாடி இழை வந்தது. 1960களிலிருந்து பாலியூரித்தேன் நுரை பரவலாயிற்று. திரவமாக ஊற்றப்பட்டு, இரு சுவர்களுக்கும் இடையே நுரைத்துப் பெருகி இறுகும் இந்தப் பொருள், மெல்லிய அளவிலேயே வெப்பத்தை நன்கு தடுக்கிறது. சுவருக்கு உறுதியையும் தருகிறது.

இந்த நுரை, வெப்பம் விடும் குழாயின் இடத்தையும் மாற்றியது. வெளிப்புற உருக்குத் தகட்டின் உட்பக்கத்தில் குழாயை ஒட்டவைத்து, அதற்கும் உணவறைக்கும் இடையே நுரையை நிரப்பினால், தகடு முழுவதும் வெப்பத்தை வெளிவிடும் பரப்பாகிவிடுகிறது. கம்பிவலை வேண்டியதில்லை, அதில் தூசி படிவதும் இல்லை. நீள்பெட்டி உறைவிப்பான்களிலும், இன்று விற்கும் பெரும்பாலான வீட்டுப் பெட்டிகளிலும் இந்த அமைப்பே உள்ளது. முன்பு பின்னால் மறைந்திருந்த சூடு இப்போது கைபடும் இடத்துக்கு வந்துவிட்டதால்தான் அது புதிதாகவும் விந்தையாகவும் தோன்றுகிறது.

இதில் குறையும் உண்டு. குழாயின் வெப்பத்தில் ஒரு சிறு பகுதி நுரையைக் கடந்து உள்ளே திரும்பும். குழாயில் கசிவு ஏற்பட்டால் நுரைக்குள் புதைந்த அதைப் பழுதுபார்ப்பதும் கடினம்.

இந்தச் சுவரில் நிகழ்வதை எண்களில் காணலாம். இன்று பல பெட்டிகளில் பயன்படும் ஐசோபியூட்டேன் வாயு, சாதாரண வளிமண்டல அழுத்தத்தில் ஏறக்குறைய -12 டிகிரியில் கொதிக்கும். உள்ளே அழுத்தம் குறைவாக இருப்பதால் அது -25 டிகிரி அளவிலேயே ஆவியாகி உணவின் வெப்பத்தை வாங்குகிறது. அமுக்கி அந்த ஆவியை வளிமண்டலத்தைப் போல் சுமார் 6 மடங்கு அழுத்தத்துக்கு உயர்த்தினால், அது 45 டிகிரி அளவில் திரவமாகித் தன் உள்ளுறை வெப்பத்தை விடுகிறது. மனிதக் கையின் தோல் ஏறக்குறைய 33 டிகிரியில் இருப்பதால், அந்த இடம் தொடுவதற்குத் தெளிவாகச் சூடாகத் தெரியும். கோடையில் அறை 38 டிகிரியை எட்டினால் சுவர் 50 டிகிரியை நெருங்கும்.

கதவோரத்தில் சூடு ஏன்?

கதவின் இரப்பர் பட்டை பதியும் சட்டமும் பல பெட்டிகளில் சூடாக இருக்கும். இதன் காரணம் வேறு. அந்த இடத்தில் வெப்பக் காப்பு மெலிந்திருப்பதால் உட்குளிர்ச்சி தகட்டுக்கு வந்துவிடும். குளிர்ந்த சொம்பின் வெளியே நீர் முத்துக்கள் படிவது போல அங்கும் காற்றின் ஈரம் படியும். 30 டிகிரி வெப்பமும் 80 விழுக்காடு ஈரப்பதமும் உள்ள காற்றில், ஏறக்குறைய 26 டிகிரிக்குக் கீழான எந்தப் பரப்பிலும் ஈரம் படிந்துவிடும். கடலோர ஊர்களில் இந்த நிலை ஆண்டின் பெரும்பகுதி நீடிக்கிறது. படிந்த ஈரம் துருவையும் பூஞ்சையையும் கொண்டுவரும். பட்டையைக் கதவோடு உறையவைக்கும்.

முந்தைய பெட்டிகள் பலவற்றில் கதவுச் சட்டத்துக்குள் மின்சூடேற்றிக் கம்பி இருந்தது. குளிர்ச்சி தரும் எந்திரத்தில் சூடேற்றவும் மின்சாரம் செலவானது. பின்னர் அமுக்கியிலிருந்து வரும் சூடான குழாயின் ஒரு சுற்றையே கதவுச் சட்டத்தின் வழியாக ஓடவிட்டார்கள். எப்படியும் வெளியே விடவேண்டிய வெப்பம் ஈரத்தை உலர்த்தும் வேலையையும் செய்துவிடுகிறது.

ஓசோனும் புதிய வாயுக்களும்

சமையலறையில் தீங்கற்றதாக விளங்கிய ஃபிரியான், வளிமண்டலத்தில் தீங்கு செய்தது. எதனோடும் எளிதில் வினைபுரியாத அதன் குணமே அதற்குக் காரணம். கசிந்த வாயு சிதையாமல் பல்லாண்டுகள் மிதந்து மேல்வளிமண்டலத்தை அடைந்தது. அங்கே புறஊதாக் கதிர்களால் உடைந்து குளோரின் அணுக்களை வெளிவிட்டது. அவை ஓசோனைச் சிதைக்கும் என்று 1974 ஆம் ஆண்டில் மரியோ மொலினாவும் ஷெர்வுட் ரோலண்டும் அறிவித்தார்கள். 1985 ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் ஆய்வாளர்கள் அண்டார்க்டிகாவுக்கு மேல் ஓசோன் பெருமளவு குறைந்திருப்பதைக் கண்டறிந்தனர். குளிர்பதனப் பொருள் மட்டுமின்றி, சுவருக்குள் இருந்த நுரையை ஊதுவதற்கும் இதே வகை வாயு பயன்பட்டிருந்தது.

1987 செப்டம்பர் 16 அன்று மாண்ட்ரியல் உடன்படிக்கை கையெழுத்தானது. 1992 ஆம் ஆண்டில் இந்தியாவும் அதில் இணைந்தது. வளரும் நாடுகள் 2010 ஆம் ஆண்டுக்குள் குளோரோஃபுளோரோகார்பன்களைக் கைவிட வேண்டும் என்று வரையறுக்கப்பட்டது. மொலினா, ரோலண்ட், பால் குருட்சன் ஆகிய மூவரும் 1995 ஆம் ஆண்டில் வேதியியலுக்கான நோபல் பரிசு பெற்றார்கள்.

மாற்றாக வந்த ஆர்-134ஏ என்ற வாயு ஓசோனைத் தாக்கவில்லை. ஆனால் நூறாண்டுக் கணக்கில் அது கார்பன் டைஆக்சைடைவிட ஆயிரம் மடங்குக்கும் மேல் புவியைச் சூடாக்கக்கூடியது. 1993 ஆம் ஆண்டில் ஜெர்மனியின் சாக்சனிப் பகுதியிலிருந்த ஒரு தொழிற்சாலை, கிரீன்பீஸ் அமைப்பின் ஊக்கத்தால், புரோப்பேனும் ஐசோபியூட்டேனும் கொண்டு இயங்கும் பெட்டிகளை விற்பனைக்குக் கொண்டுவந்தது. இவை தீப்பற்றக்கூடியவை. எனினும் வீட்டுப் பெட்டிக்குத் தேவைப்படும் அளவு பெரும்பாலும் 100 கிராமுக்கும் குறைவு என்பதால் பாதுகாப்பாகப் பயன்படுத்த முடிந்தது. இன்று வீட்டுப் பெட்டிகளின் முத்திரைத் தகட்டில் காணப்படும் ஆர்-600ஏ என்பது ஐசோபியூட்டேனே.

வீணாகும் வெப்பமும் பயன்படும் வெப்பமும்

குளிர்பதன எந்திரம் வெளிவிடும் சூட்டையே விரும்பிப் பெறலாம் என்பதை வில்லியம் தாம்சன் 1852 ஆம் ஆண்டிலேயே எடுத்துரைத்தார். பின்னாளில் கெல்வின் பிரபு என்று அறியப்பட்டவர் இவரே. வெளியிலுள்ள குளிர்ந்த காற்றிலிருந்து வெப்பத்தை இறைத்துக் கட்டடத்தைச் சூடாக்கலாம் என்பது அவர் கருத்து. 1938 ஆம் ஆண்டில் சுவிட்சர்லாந்தின் சூரிக் நகர மன்றக் கட்டடத்துக்கு லிம்மாட் ஆற்று நீரிலிருந்து இவ்வாறு வெப்பம் எடுக்கப்பட்டது. வெப்ப எக்கி எனப்படும் இந்த எந்திரம் இன்று குளிர்நாட்டு வீடுகளில் பரவி வருகிறது. அங்கே குளிர்காலத்தில் குளிர்சாதனப் பெட்டியின் வெளிச்சூடும் அறையைச் சிறிது சூடாக்க உதவுகிறது. வெப்ப நாடுகளில் அந்தச் சூடு சுமையாகிறது. அறைக்காற்று சூடேறச் சூடேற வெப்பத்தை இன்னும் உயரத்துக்கு இறைக்க வேண்டியிருப்பதால், அமுக்கி நெடுநேரம் ஓடி மின்சாரமும் கூடுதலாகச் செலவாகிறது. சுவரை ஒட்டி நெருக்கமாக வைப்பதும், பக்கங்களில் துணி போட்டு மூடுவதும், அடுப்பின் அருகில் வைப்பதும் இதே விளைவைத் தரும்.

புதிதாக இயக்கிய நாளிலும், மின்தடைக்குப் பிறகும், சூடான உணவை நிறைய வைத்த பிறகும் சுவரின் சூடு கூடுதலாக இருக்கும். வெளியேற வேண்டிய வெப்பம் அப்போது மிகுதி. உட்புறம் குளிர்ந்ததும் அமுக்கி நின்று நின்று ஓடும், சூடும் தணியும். அமுக்கி இடைவிடாமல் ஓடியும் உள்ளே குளிர்ச்சி வரவில்லை என்றால்தான் ஐயப்பட வேண்டும். பழுதுபார்க்க வரும் மெக்கானிக், மோட்டார் ஓடும் சத்தம் கேட்டபின் பெட்டியின் பக்கச் சுவரில் கைவைத்துப் பார்ப்பதுண்டு. நெடுநேரம் ஓடியும் சுவர் சூடேறவில்லை என்றால், குழாயிலிருந்த வாயு கசிந்துவிட்டதோ, அமுக்கி பழுதாகிவிட்டதோ என்று அவர் ஐயுறுவார். உள்ளிருந்து வெளியே வர வேண்டிய வெப்பம் வரவில்லை என்பதே அதன் பொருள்.